கடிகாரத்துக்குள் ஒரு ஷட்ஜம்

பேட்டரி கடிகாரத்துக்கு உயிர் கிடையாது என்பது என் தாய்மாமாவின் கட்சி. அவர் கையில் இருப்பது சாவி கொடுக்கும் எச்.எம்.டி. காலையில் குளித்து, திருநீறு பூசி, அதற்குச் சாவி கொடுத்த பிறகுதான் காப்பியைத் தொடுவார். தை மாதத்தில் ஒரு வீட்டு விசேஷத்துக்கு வந்திருந்தவர், என் மணிக்கட்டைப் பிடித்துத் திருப்பிப் பார்த்துவிட்டு, "மருமகனே, இதில் ஓடுவது கரண்ட். என்னுடையதில் ஓடுவது உயிர். காதில் வைத்துப் பார், துடிப்பு கேட்கும்" என்று தன் கடிகாரத்தைக் கழற்றி நீட்டினார். வைத்துப் பார்த்தேன். வினாடிக்கு ஐந்து முறை, தெளிவாக, விடாமல். அழகான ஓசை, மறுப்பதற்கில்லை. ஆனால் அவர் சொன்ன மற்றொரு பாதியை என்னால் விழுங்க முடியவில்லை. பந்தியில் உட்கார்ந்தபோதும் அதுதான் மனதில் ஓடியது. ஊருக்குத் திரும்பும் பஸ்ஸிலும் அதுதான்.

மாமா ஒருவர் மட்டும் சொன்னால் பரவாயில்லை. குவார்ட்ஸ் கடிகாரம் என்றால் மலிவு, எலெக்ட்ரானிக், ஜீவனற்றது என்ற எண்ணம் பொதுவாகவே இருக்கிறது. இன்னொரு பக்கம், மாயக் கற்கள் மீதான மோகம் குறையவே இல்லை. ஒலியைச் சேமித்து வைக்கும் பளிங்கு, காலத்தை நிறுத்தும் ரத்தினம் என்று கதைகளிலும் விளையாட்டுகளிலும் புதிது புதிதாகக் கற்பனை செய்கிறார்கள். நம் பழைய இலக்கியங்களிலும் வெயில் பட்டால் தீ உமிழும் சூரியகாந்தக் கல் உண்டு, நிலவு பட்டால் நீர் கசியும் சந்திரகாந்தக் கல் உண்டு, கேட்டதைக் கொடுக்கும் சிந்தாமணி உண்டு. தானே ஓயாமல் ஒலித்துக்கொண்டு, அந்த ஒலியால் காலத்தை அளக்கும் கல் ஒன்றை நான் படித்தவரை யாரும் கற்பனை செய்யவில்லை. அந்தக் கல்தான் மெய்யாக இருக்கிறது: குவார்ட்ஸ். பெரும்பாலான கைக்கடிகாரங்களுக்குள்ளும் சுவர்க் கடிகாரங்களுக்குள்ளும் இருக்கிறது. அதைத்தான் உயிரற்றது என்கிறோம்.

தூண் ஒலித்தது, அடங்கியது

நான் வளர்ந்தது திருநெல்வேலியில். நெல்லையப்பர் கோயிலின் இசைத்தூண்களைப் பற்றி அந்த ஊர்க்காரனிடம் யாரும் விளக்க வேண்டாம். நடுவில் ஒரு பெருந்தூண், சுற்றிலும் அதே கல்லில் குடைந்தெடுத்த சிறு தூண்கள்; தட்டினால் ஒவ்வொன்றும் ஒரு சுரம். சிறுவயதில் அவற்றில் காதை ஒட்டிக்கொண்டு நின்றவர்களில் நானும் ஒருவன். கல்லுக்குள்ளிருந்து வெண்கலம் பேசுவது ஆச்சரியம்தான். ஆனால் அந்த வயதிலேயே என்னை வாட்டியது வேறொன்று: அந்தச் சுரம் ஏன் நிற்கவில்லை? எழுந்த வேகத்தில் தேய்ந்து அடங்கிவிடுகிறதே.

இந்தக் கேள்வியில்தான் முழு விஷயமும் இருக்கிறது என்று இப்போது தோன்றுகிறது. ஒரு சுரம் என்பது ஒரு குறிப்பிட்ட வேகத்தில் நடக்கும் அதிர்வு. வினாடிக்கு 256 முறை அதிர்கிற ஒன்றை வைத்துக்கொண்டு, அந்த அதிர்வுகளை ஒன்றுவிடாமல் எண்ண முடிந்தால், 256 எண்ணியதும் ஒரு வினாடி ஆகிவிட்டது. சுருதி சுத்தமாக நிற்கிற எந்தப் பொருளும் கடிகாரம் ஆகலாம். தடைகள் இரண்டு. முதலாவது, தட்டிய ஒலி அடங்கிவிடுகிறது. இரண்டாவது, அடங்காவிட்டாலும் அவ்வளவு வேகமாக எண்ணுவதற்கு நம்மால் ஆகாது. தூணின் அதிர்வு கல்லோடும் காற்றோடும் கரைந்துபோகிறது. குவார்ட்ஸ், அதாவது நாம் ஸ்படிகம் என்று மாலையாகக் கோத்துப் போட்டுக்கொள்ளும் அதே கனிமம், தன் அதிர்வை அவ்வளவு எளிதில் விட்டுக்கொடுப்பதில்லை. ஆனால் அதுவும் என்றோ ஒருநாள் அடங்கித்தானே தீரும்? அடங்காமல் வைப்பது எது?

கற்கண்டும் செய்யும் வித்தை

1880இல் பாரிஸில் ழாக் கியூரி, பியேர் கியூரி என்ற இரு சகோதரர்கள் அதற்கு வழி திறந்தார்கள். இருவருமே அப்போது இருபதுகளில் இருந்த இளைஞர்கள். பியேர் பின்னாளில் தன் மனைவியான மேரியைச் சந்திப்பதற்குப் பல ஆண்டுகள் முன்பு. சில படிகங்களைக் குறிப்பிட்ட திசையில் வெட்டி அழுத்தினால் அவற்றின் பரப்பில் மின்னூட்டம் தோன்றுகிறது என்று காட்டினார்கள். அவர்கள் சோதித்த பட்டியலில் குவார்ட்ஸ் இருக்கிறது, புஷ்பராகம் இருக்கிறது, கரும்புச் சர்க்கரைப் படிகமும் இருக்கிறது. கரும்புச் சர்க்கரைப் படிகம் வேறொன்றுமில்லை, பஞ்சாமிர்தத்தில் பல்லில் கடிபடும் கற்கண்டுதான். அடுத்த ஆண்டே இதன் மறுபக்கமும் உறுதியானது: லிப்மன் என்ற இயற்பியலாளர் கணக்குப் போட்டுச் சொன்னபடி, மின்னழுத்தம் கொடுத்தால் அதே படிகம் நெளிந்து கொடுத்தது.

இந்த இரண்டையும் சேர்த்துப் பாருங்கள். குவார்ட்ஸ் துண்டு அதிர்கிறது. அதிரும்போது தன் அதிர்வுக்கு இசைந்த மின்சாரத்தைத் தானே வெளியிடுகிறது. அந்த மெல்லிய மின்சாரத்தை ஒரு சுற்று வாங்கிப் பெருக்கி, சரியான தருணத்தில் அதற்கே திருப்பிக் கொடுக்கிறது. கொடுத்ததும் கல் மீண்டும் நெளிகிறது, அதிர்வு தொடர்கிறது. பேசுவதும் அதே உடம்பு, கேட்பதும் அதே உடம்பு. பேட்டரி செய்கிற வேலை, ஒவ்வொரு அதிர்விலும் தேய்ந்துபோகிற இம்மியளவு ஆற்றலை ஈடுகட்டுவது மட்டும்தான். வேகத்தைத் தீர்மானிப்பது கல். அதன் வடிவமும் அது வெட்டப்பட்ட திசையும். எனவே "இதில் ஓடுவது கரண்ட்" என்ற மாமாவின் பேச்சு, மிருதங்கத்தில் ஒலிப்பது வித்வான் சாப்பிட்ட சோறு என்று சொல்வதற்குச் சமம்.

முள் நின்ற பிறகும்

இதெல்லாம் ஏட்டறிவாக எனக்கு முன்பே தெரியும். அறிவாகத் தெரிந்தது மனதில் தைத்தது என் அக்காவின் கடிகாரத்தால். அக்கா பள்ளிக்கூடத்து ஆசிரியை. பணிக்குச் சேர்ந்த புதிதில் வாங்கிய சிறிய குவார்ட்ஸ் கடிகாரம் ஒன்று அலமாரியில் நின்றுபோய்க் கிடந்தது. 626 செல் புதிதாகப் போட்டும் ஓடவில்லை. தூக்கிப் போட்டுவிடலாம் என்றார்கள். ரத வீதியில் கடை வைத்திருக்கும் பெரியவர் ஒருவரிடம் கொண்டுபோனேன். கடை என்றால் ஒரு கண்ணாடிப் பெட்டி, ஒரு மேசை விளக்கு, அவர் உட்காரும் முக்காலி. அவ்வளவுதான்.

அண்ணாச்சி அதைக் காதில் வைத்துப் பார்க்கவில்லை. பின்மூடியைத் திறந்து, மேசையில் இருந்த சிறிய டெஸ்டர் பெட்டியின் மேல் வைத்தார். 'பீப்' என்றது. ஒரு வினாடி இடைவெளி விட்டு மறுபடி 'பீப்'. பெட்டியின் சிவப்பு விளக்கும் கூடவே மின்னியது. முகப்பைத் திருப்பிப் பார்த்தேன். வினாடி முள் செத்தது செத்ததுதான், அசைவே இல்லை. பெட்டி மட்டும் விடாமல் ஒலித்துக்கொண்டிருந்தது. "கிரிஸ்டல் ஓடுகிறது தம்பி. சர்க்யூட், காயில் எல்லாம் நன்றாக இருக்கின்றன. உள்ளே எண்ணெய் காய்ந்து சக்கரம் பிடித்துக்கொண்டது. துடிப்பு இருக்கிறது, முள்தான் நகரவில்லை" என்றார்.

துடிப்பு என்ற சொல்லை அவர் தேடிப் பிடிக்கவில்லை. நோய் என்னவென்று சொல்கிற வைத்தியரின் சாதாரணத் தொனியில் சொல்லிவிட்டு, பெட்டியின் பக்கத்திலிருந்த பொத்தானை அழுத்தினார். முள் சட்டென்று ஓடத் தொடங்கி, பாதி வட்டத்தில் மீண்டும் சிக்கிக்கொண்டது. பிறகு மெஷினை வெளியே எடுத்து, சக்கரங்களைக் கழற்றிப் பெட்ரோலில் அலசப் போட்டார். நான் அந்தப் பெட்டியையே பார்த்துக்கொண்டிருந்தேன். புதுச் செல் கிடைத்த நொடியிலிருந்து அந்தக் கல் தன் வேலையைத் தொடங்கிவிட்டிருக்கிறது. அது எண்ணுவதை வெளியே காட்ட ஒரு முள்கூட இல்லாத நிலையில், யாரும் பாராமல், சரியாக எண்ணிக்கொண்டிருந்திருக்கிறது. உயிரற்றது என்று இனி எப்படிச் சொல்வது? உயிர் என்ற சொல்லே அதற்குப் பொருந்தாது என்று அறிவியல் படித்தவர்கள் திருத்தலாம். ஒத்துக்கொள்கிறேன். ஆனால் சாவிக் கடிகாரத்தின் சுருள்வில்லுக்கு அந்தச் சொல்லைத் தாராளமாகக் கொடுக்கிறவர்கள் இதற்குக் கொடுக்க மறுப்பது நியாயமில்லை.

சக்கரங்கள் காயும்வரை பேச்சுக் கொடுத்தேன். கிரிஸ்டலைப் பார்க்க வேண்டும் என்று கேட்டதும், பழைய மெஷின்கள் போட்டுவைத்திருந்த டப்பாவிலிருந்து ஒன்றை எடுத்தார். ஓரத்தில் அரிசிமணி அளவுக்கு ஒரு வெள்ளிநிறக் குழல். அதன் அடிப்பக்கத்தைக் கட்டரால் நசுக்காமல் நறுக்கி, உள்ளிருந்ததை ட்வீசரால் இழுத்து, தன் கண்ணில் மாட்டியிருந்த லென்ஸை எனக்குக் கொடுத்தார். அச்சு அசல் இசைக்கவை. பள்ளி ஆய்வகத்தில் ரப்பர் கட்டையில் தட்டி மேசையில் ஊன்றுவோமே, அதேதான். கண்ணாடி போல ஒளி ஊடுருவுகிற இரண்டு கிளைகள், அடியில் ஒன்றுசேர்கின்றன. கிளைகளின் பக்கங்களில் முடியளவுக்குத் தங்க நிறக் கோடுகள். மின்சாரத்தைக் கொடுக்கவும் வாங்கவும் பூசிய உலோகம் அது. நுனிகளில் பூச்சு ஆங்காங்கே சுரண்டப்பட்டிருந்தது. ஆலையில் சுருதி சேர்க்கும்போது, நுனியில் இருக்கும் உலோகத்தைத் துளித்துளியாக லேசரால் நீக்கி எடையைக் குறைத்து, கவையைச் சரியான அதிர்வுக்கு ஏற்றுகிறார்கள். தம்புராவுக்கு மணியை நகர்த்துகிறவர் செய்யும் வேலைதான் இது. குழலுக்குள் காற்றை நீக்கியிருப்பார்கள். காற்று பட்டால்கூட அதிர்வு தளர்ந்து சுருதி விலகும்.

கவை வடிவத்துக்கும் காரணம் இருக்கிறது. இரண்டு கிளைகளும் எதிரெதிர்த் திசையில் அசைவதால் ஒன்றின் உதையை மற்றொன்று சமன்செய்கிறது. அடிப்பாகம் ஏறத்தாழ அசையாமல் நிற்கிறது. பிடித்திருக்கும் இடத்தின் வழியாக ஆற்றல் கசிவதில்லை. நெல்லையப்பர் கோயில் தூண் இழந்ததை இந்த வடிவம் காப்பாற்றுகிறது.

சுருதி இறங்கி லயமாகிறது

இந்தக் கவையின் அதிர்வெண் 32,768 ஹெர்ட்ஸ், அதாவது வினாடிக்கு அத்தனை அதிர்வுகள். உலகெங்கும் பெரும்பாலான குவார்ட்ஸ் கைக்கடிகாரங்களுக்கு இதே எண்தான். மனிதக் காதின் எல்லை 20,000 ஹெர்ட்ஸ். எனவே நமக்குக் கேட்காது. ஏன் இப்படியொரு எண் என்றால், பதினைந்து இரண்டுகளை ஒன்றோடொன்று பெருக்கினால் கிடைப்பது இது. கடிகாரத்தில் உள்ள மின்னணுச் சில்லின் (சிப்) வேலை பாதியாக்குவது ஒன்றுதான்: 32,768 பாதியாகி 16,384, அது பாதியாகி 8,192, இப்படியே 15 படிகள் இறங்கினால் மிஞ்சுவது 1. வினாடிக்கு ஒரு துடிப்பு. அந்தத் துடிப்புதான் காயில் என்கிற கம்பிச்சுருளுக்குப் போய் முள்ளை ஒரு அடி நகர்த்துகிறது. எண்ண முடியாத வேகம் என்ற இரண்டாவது தடை இப்படித் தீர்கிறது.

சங்கீதம் கேட்கிறவர்கள் இந்த இடத்தில் சற்று நிற்க வேண்டும். அதிர்வெண் பாதியானால் என்ன ஆகும்? மேல் ஷட்ஜம், அதாவது மேல் 'ச', மத்திம ஸ்தாயி ஷட்ஜம் ஆகும். சுரம் மாறாது, ஸ்தாயி மட்டும் இறங்கும். அப்படியென்றால் சில்லு செய்வது, ஒரே சுரத்தை 15 ஸ்தாயி கீழே இறக்கிக்கொண்டு வருவது. ஏழாவது படியில் அது 256 ஹெர்ட்ஸ். ஆய்வகப் பெட்டியில் 256, 288, 320 என்று வரிசையாக அடுக்கியிருக்கும் இசைக்கவைகளில் முதலாவது இதுதான். பாடகர்கள் கணக்கில், சற்றே இறங்கிய ஒரு கட்டை ஷட்ஜம். கைக்கடிகாரத்துக்குள் ஒலிப்பது அந்தச் சுரமேதான், ஏழு ஸ்தாயி மேலே.

அங்கிருந்து இன்னும் இறங்குகிறது. 128, 64, 32. இதுவரை காதுக்கு அது சுரம். 16, 8 என்று வரும்போது சுரம் உதிர்ந்து தனித்தனித் தட்டுகளாகப் பிரியத் தொடங்கும். 4, 2, 1. இப்போது அது தாளம். சுருதி மாதா, லயம் பிதா என்று இரண்டையும் தனித்தனியாகச் சொல்லிப் பழகியிருக்கிறோம். இந்தக் கல்லில் அவை இரண்டல்ல. சுருதியே படிப்படியாக இறங்கி லயமாகிறது. இடையில் எந்த இடத்திலும் அறுபடவில்லை. அண்ணாச்சியின் பெட்டியில் நான் கேட்ட 'பீப்', குழலுக்குள் ஒலித்த ஷட்ஜத்தின் பதினைந்தாம் கீழ் ஸ்தாயி. இதைக் கணக்குப் போட்டுக் கண்ட இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

பூமியின் பிசகைக் கண்டுபிடித்த கல்

கைக்குள் அடங்குவதற்கு முன்பு இது அறை அறையாக இடம் பிடித்திருந்தது. 1927இல் அமெரிக்காவின் பெல் ஆய்வகத்தில் வாரன் மாரிசனும் ஹார்ட்டனும் முதல் குவார்ட்ஸ் கடிகாரத்தை உருவாக்கினார்கள். 1969 டிசம்பர் 25 அன்று டோக்கியோவில் சீக்கோ நிறுவனம் ஆஸ்ட்ரானை விற்பனைக்குக் கொண்டுவந்தது. முதல் குவார்ட்ஸ் கைக்கடிகாரம், விலை 4,50,000 யென், அந்நாளில் ஒரு சிறிய காரின் விலை. அதன் கவை 8,192 ஹெர்ட்ஸ். நம் கணக்கில் இரண்டு ஸ்தாயி கீழே, சுரம் அதுவே. 1984இல் தமிழக அரசின் டிட்கோவும் டாடா குழுமமும் கூட்டாகத் தொடங்கிய டைட்டன், ஓசூரில் ஆலை அமைத்துக் குவார்ட்ஸை நம் கல்யாண வீடுகளுக்குள் கொண்டுவந்த கதை எல்லோரும் அறிந்தது.

என்னை அதிகம் கவர்ந்தது 1927க்கும் 1969க்கும் நடுவே நடந்தது. 1930களில் ஜெர்மனியில் ஷைபே, அடெல்ஸ்பெர்கர் என்ற இருவர் பல குவார்ட்ஸ் கடிகாரங்களை ஓடவிட்டு, விண்மீன்களை வைத்துக் கணிக்கும் நேரத்தோடு ஒப்பிட்டார்கள். கடிகாரங்கள் ஒன்றோடொன்று ஒத்துப்போயின, வானத்தோடு ஒத்துப்போகவில்லை. பிசகியது கல் அல்ல, பூமி. பருவத்துக்குப் பருவம் அதன் சுழற்சி மிக மிகச் சிறிதளவு வேகம் கூடிக் குறைகிறது. பகலும் இரவும்தான் காலத்துக்கு ஆதாரம் என்றிருந்த உலகத்தில், ஒரு கல்துண்டு எழுந்து பூமியின் தாளம் தப்புவதைச் சொன்னது. 1967 முதல் வினாடிக்கு இலக்கணம் சீசியம் அணுதான். ஆனால் சீசியம் கடிகாரத்துக்குள்ளும் வழக்கமாக ஒரு குவார்ட்ஸ்தான் அதிர்ந்துகொண்டிருக்கும். அணு அதைக் கண்காணித்துத் திருத்துகிறது.

குறை இல்லாத கல் அல்ல. கைக்கடிகாரக் கவை ஏறத்தாழ 25 டிகிரியில் சரியாக ஓடும்படி வெட்டப்படுகிறது. அதைவிடச் சூடானாலும் குளிர்ந்தாலும் தாமதிக்கும். எங்கள் ஊர்ச் சித்திரை வெயிலில் 40 டிகிரி அறையில் மேசைமேல் கிடந்தால் நாளொன்றுக்கு அரை வினாடிக்குச் சற்று மேல் பின்தங்கும். கையில் கட்டிக்கொண்டால் அவ்வளவு சூட்டுக்கு அது போகாது.

அரிதாக இருந்தால்தான் மதிப்பா?

கற்பனைக் கற்கள் எல்லாவற்றுக்கும் ஒரு பொதுக்குணம் உண்டு: அரிதானவை. மலையுச்சியில் ஒன்று, நாகத்தின் தலையில் ஒன்று. குவார்ட்ஸ் அப்படியல்ல. தாமிரபரணி மணலில் கையை விட்டால் அள்ளுவதில் பெரும்பங்கு அதுதான். ராமேசுவரத்தில் விடியற்காலையில் தரிசிக்கும் ஸ்படிக லிங்கமும் அதே கனிமம். மண்ணில் கிடைக்கும் படிகங்களில் உள்ளமைப்புக் குறைகள் மிகுதி என்பதால், கடிகாரத்துக்கானவற்றை உயர் அழுத்தக் கலன்களில், சூடான காரநீரில், வாரக்கணக்கில் வளர்த்தெடுக்கிறார்கள். அதற்குத் தீனியும் உடைத்த குவார்ட்ஸ்தான். கோடிக்கணக்கில் செய்து சில ரூபாய்க்கு விற்கிறார்கள். இவ்வளவு எளிதாகக் கிடைப்பதால்தான் நம் கண்ணில் அது விழவில்லையோ என்று சந்தேகப்படுகிறேன். எனக்கு அந்த எளிமைதான் பெரிதாகப் படுகிறது. துல்லியமான காலம் ஒருகாலத்தில் வானாய்வகங்களிலும் கப்பல் தலைவர்களிடமும் மட்டும் இருந்தது. இன்று பூக்கட்டும் அம்மாவின் மணிக்கட்டில் இருப்பது, சாவிக் கடிகாரம் ஒரு நாளில் தவறவிடும் வினாடிகளை ஒரு மாதத்தில்தான் தவறவிடும்.

இயற்பியல் ஆசிரியர்கள் யாராவது இதைப் படித்தால் ஒரு வேண்டுகோள். ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகளை ஆய்வகத்துக்கு அழைத்துப்போய் 256 என்று பொறித்த இசைக்கவையைத் தட்டும்போது, அதை மேசையில் ஊன்றி ஒலியைக் கேட்கச் செய்வதோடு நிறுத்தாதீர்கள். கையில் கடிகாரம் கட்டியிருக்கும் பிள்ளையை முன்னால் அழைத்து, இதே சுரம் உன் கையிலும் இருக்கிறது, ஏழு ஸ்தாயி மேலே என்று சொல்லுங்கள். பழைய மெஷின் ஒன்று கடிகாரக் கடையில் கேட்டால் சும்மாவே கொடுப்பார்கள். ஒரு லென்ஸும் கொண்டுபோங்கள். குழலைத் திறக்கும்போது பக்கவாட்டில் அழுத்தினால் கவை ஒடிந்துவிடும், அடிப்பக்கமாகத் திறக்க வேண்டும்.